தும்மலுக்கு முந்தைய காட்சி

அங்குச்சாமிக்கு ஐம்பது வருடமாகத் தும்மல் வரப்போகிறது. அவரிடம் கையெழுத்து வாங்கிவரும் வேலை செண்பகவடிவின் தலையில் விழுந்தது.

ஆவணப்படம் எடுக்கிறவர்களுக்குப் பழைய காட்சிகளைத் தேடிக்கொடுப்பது வடிவின் தொழில். படத்தில் ஒருவர் உட்கார்ந்து "அப்போது பெரிய வெள்ளம் வந்தது" என்று சொல்வார். உடனே வெள்ளத்தைக் காட்டியாக வேண்டும். அந்த வெள்ளம் எந்தக் காப்பகத்தில் இருக்கிறது, யாருக்குச் சொந்தம், விநாடிக்கு என்ன கேட்பார்கள் என்று வடிவு துப்புத் துலக்குவாள். வெள்ளத்தில் மிதந்து போகிறவர்களின் முகம் தெளிவாகத் தெரிந்தால் அவர்களிடமும் ஆட்சேபணை இல்லை என்று எழுதி வாங்குவாள். மிதந்துகொண்டே எழுதிக் கொடுப்பார்கள். பொதுவாக நல்ல மனிதர்கள்.

இந்தத் தடவை படம் ஆலங்கிணறு என்ற ஊரைப் பற்றியது. பேருக்குத்தான் கிணறு, அந்தக் காலத்தில் ஊரில் சொட்டுத் தண்ணீர் கிடையாது. அப்படிப்பட்ட ஊருக்குக் குடிநீர்த் தொட்டி வந்த கதை. தொட்டியின் திறப்பு விழாவை அன்றைக்கு ஒரு கேமராக்காரர் கறுப்பு வெள்ளையில் எடுத்து வைத்திருக்கிறார். மந்திரி கத்தரிக்கோலைக் கையில் வாங்குகிறார். ரிப்பனை நெருங்குகிறார். அத்தோடு காட்சி முடிந்துவிடுகிறது.

காட்சியில் இருந்த எல்லோரும் கையெழுத்துப் போட்டுவிட்டார்கள். மந்திரி போட்டார். மாலை வைத்திருந்தவர்கள் மாலையைக் கை மாற்றிக்கொண்டு போட்டார்கள். ஓரத்தில் நின்ற வெள்ளாடு குளம்பைப் பதித்தது. தொட்டியின் மேல் உட்கார்ந்திருந்த காக்காய் மட்டும் கொஞ்சம் முரண்டு பிடித்தது. பிறகு பறந்துபோனது. சட்டப்படி அது சம்மதம்.

பாக்கி அங்குச்சாமி ஒருவர்தான். ரிப்பனுக்கு இடது பக்கம் நிற்பவர்.

படம் அன்று மாலையே தொலைக்காட்சியில் வரவேண்டும். இயக்குநர் பரஞ்சோதி காலையிலிருந்து விடாமல் போன் அடித்துக்கொண்டிருந்தார். காட்சி வராவிட்டால் அந்த இடத்தில் கறுப்புத் திரையை ஓடவிடுவதாகவும், கறுப்புத் திரைக்கு வடிவே பதில் சொல்ல வேண்டும் என்றும் சொன்னார். வந்துவிட்டால், பேசினபடி படத்தின் தொடக்கத்திலேயே அவள் பெயரைப் பெரிய எழுத்தில் போடுவார்.

இந்தப் பெயர் விஷயத்தில் வடிவுக்கு ஒரு வயிற்றெரிச்சல் உண்டு. எத்தனையோ படங்களுக்கு அலையாய் அலைந்து காட்சி தேடிக் கொடுத்திருக்கிறாள். அவள் பெயர் கடைசியில், எறும்பு சைஸில், டீ வாங்கிக் கொடுத்தவருக்கு அடுத்து வரும். டீக்காரர் பெயர் வந்ததும் தொலைக்காட்சிக்காரர்கள் விளம்பரம் போட்டுவிடுவார்கள். சங்கரன்கோவிலில் அம்மா ஒவ்வொரு படத்தையும் கண் கொட்டாமல் கடைசிவரை பார்ப்பாள். தூந்திரப் பிரதேசத்துக் கரடிகள் பற்றிய படத்தைக்கூட விடவில்லை. முடிந்ததும் போன் செய்வாள். "ஏட்டி, சோப்பு வெளம்பரம் வந்துட்டு. ஒன் பேரு வரல்ல" என்பாள். வேறு எதுவும் சொல்லமாட்டாள். அதுதான் வடிவுக்குத் தாங்காது.

எனவே அவள் காப்பகத்துக்கு ஆட்டோ பிடித்தாள்.

காப்பகத்தின் தாழ்வாரம் வார நாட்களில் மெதுவான வேகத்தில் ஓடும். வடிவு ஓட்டமும் நடையுமாகத்தான் போனாள். ஆனால் அவளுடைய துப்பட்டா எழும்பி இறங்குவதற்குள் ஒருவர் வடை முழுவதையும் தின்று முடித்தார். வழியில் இருந்த கேன்டீனில் எப்போதோ படம் பிடிக்கப்பட்ட சாப்பாடு மட்டும்தான் பரிமாறுவார்கள். சாம்பாரும் ரசமும் பாயசமும் ஒரே சாம்பல் நிறம். சாப்பிடுகிறவர்கள் அதிர்ஷ்டத்தை நம்பிக் கையை வைத்தார்கள்.

பொறுப்பாளர் நீலமேகம் குடை பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். மாடியில் பருவமழைக் காட்சிகள் அடுக்கியிருக்கிற அறை. ஒழுகும். குடையோடே அவர் பணிமூப்பு அடைந்திருந்தார்.

வடிவு விஷயத்தைச் சொன்னாள். அவர் அலமாரியிலிருந்து ஒரு தகர டப்பாவை எடுத்தார். திறக்குமுன் அவளை ஏற இறங்கப் பார்த்தார்.

"நிறத்தை வெச்சுட்டுப் போங்க மேடம். உள்ள கறுப்பு வெள்ளை."

வடிவு பச்சைச் சுடிதார் போட்டிருந்தாள். பச்சையைக் கழற்றிக் கொடுத்தாள். துப்பட்டாவின் மஞ்சளையும், உதட்டில் இருந்த கொஞ்சத்தையும் கொடுத்தாள். நீலமேகம் எல்லாவற்றையும் மடித்து ஆணியில் மாட்டினார். ஒரு டோக்கன் தந்தார். வெளுத்துப்போனால் காப்பகம் பொறுப்பல்ல என்று டோக்கனில் இருந்தது.

டப்பாவுக்குள் வெள்ளையாக வெயில் அடித்தது. கூட்டம் கைதட்டிக்கொண்டிருந்தது. சத்தம் இல்லை. கைத்தட்டல் சத்தம் மட்டும் ஒரு கிரிக்கெட் படத்துக்கு வாடகைக்குப் போயிருப்பதாகவும், திரும்பி வரும்வரை இப்படித்தான் என்றும் மாலை வைத்திருந்தவர் சொன்னார்.

அங்குச்சாமி தோளில் துண்டோடு நின்றார். முகம் வானத்தைப் பார்த்திருந்தது. கண் பாதி மூடி, வாய் பாதி திறந்து, வலது கை மூக்குக்குப் போகிற வழியில் அந்தரத்தில் நின்றது.

"அண்ணாச்சி, ஒரு கையெழுத்து வேணும்."

"குனிஞ்சா போயிரும் தாயி."

"எது போயிரும்?"

அவர் மூக்கைக் கண்ணால் காட்டினார்.

ஆடாமல் அசையாமல், உதட்டை மட்டும் அசைத்து அவர் தன் கதையைச் சொன்னார். விழாவுக்கு வேடிக்கை பார்க்க வந்தாராம். வீட்டில் சம்சாரம் கம்மங்கஞ்சி கரைத்து வைத்திருக்கிறாளாம். தும்மிவிட்டுப் போய்க் குடிக்கலாம் என்று இருந்தாராம். தும்மல் கிளம்பி மூக்குத் தண்டு வரை வந்துவிட்டது. அந்த நேரம் பார்த்துக் கேமராக்காரர் நிறுத்திவிட்டார். அதிலிருந்து இப்படியே. இடையில் எத்தனையோ பேர் இந்தக் காட்சியை வாங்க வந்தார்களாம். மந்திரியைக் கேட்டார்கள், தொட்டியைக் கேட்டார்கள், ஆட்டைக்கூடக் கேட்டார்கள். மூக்கைப் பற்றி ஒருத்தரும் கேட்கவில்லை.

"தும்மிட்டேன்னா எங்க வேணும்னாலும் கையெழுத்துப் போடுதேன். அம்பது வருசமாக் காபந்து பண்ணி வச்சிருக்கேன். ஒரு கையெழுத்துக்காகவா இத விடச் சொல்லுத?"

வடிவுக்கு அவரைப் பார்க்கப் பார்க்கத் தன் மூக்கே நமைச்சல் எடுத்தது. தும்மல் பாதியில் நின்றால் என்ன பாடு என்பது ஒரு நிமிடம் பட்டவர்களுக்கே தெரியும். அவள் உண்மையாகவே இரங்கினாள். பெயர் ஆசை ஒரு பக்கம் இருக்கட்டும், இந்த மனிதர் வீட்டுக்குப் போய்க் கஞ்சி குடிக்க வேண்டும் என்று நினைத்தாள். இரண்டையும் ஒரே கல்லில் அடித்துவிடலாம் என்றும் நினைத்தாள். அவளும் மனுஷிதானே.

அவள் வெளியே வந்து நீலமேகத்திடம் காட்சியைக் கொஞ்சம் நீட்டித் தர முடியுமா என்று கேட்டாள். அவர் டப்பாவின் அடியைத் துழாவினார். ரீலின் வாலில் ஓடாத ஃபிலிம் கொஞ்சம் ஒட்டிக்கொண்டிருந்தது. அதில் எதை வேண்டுமானாலும் நடக்கவிடலாம் என்றார்.

"எத்தனை தும்மல்?"

"ஒண்ணு போதும் சார்."

"ரெண்டா எடுத்துக்கலாமே. எல்லாரும் ரெண்டாத்தான் எடுப்பாங்க."

"ஒண்ணே ஜாஸ்தி சார். அரை விநாடி குடுங்க, அது பத்தும்."

இது தொழில் புத்தி. காட்சி வாங்குகிறவர்கள் எல்லோருக்கும் உள்ள வியாதி. விநாடிக்கு இவ்வளவு என்று விலை. எதையும் குறைத்துத்தான் கேட்பார்கள். சூரிய உதயம் கேட்டால் பாதிச் சூரியன் போதும் என்பார்கள். ஒருமுறை வடிவு ஒரு கல்யாண ஊர்வலத்தை மாப்பிள்ளை வருவதற்கு முன்பே நிறுத்தி வாங்கியிருக்கிறாள். இன்னும் அந்த வீட்டில் அவளைத் திட்டுகிறார்கள்.

நீலமேகம் ஒரு விநாடிக்குக் குறைத்து வெட்டுவதில்லை என்று சொல்லி, ஒரு விநாடியை நறுக்கி ஒட்டினார். ஒட்டும்போது அவர் ஏதோ சொல்ல வாயெடுத்தார். பிறகு குடையைத் தோள் மாற்றிக்கொண்டு பேசாமல் இருந்துவிட்டார். அரசாங்கச் சம்பளம் வாங்குகிறவர்கள் இரண்டு தடவை சொல்லமாட்டார்கள்.

வடிவு மறுபடி உள்ளே போனாள். அங்குச்சாமி தும்மினார்.

அதைத் தும்மல் என்று மட்டும் சொல்லிவிட முடியாது. ஐம்பது வருடச் சேமிப்பு. மாலைகளிலிருந்து இதழ்கள் உதிர்ந்தன. ஆடு மூன்று அடி பின்வாங்கியது. போன காக்காய் என்ன சத்தம் என்று பார்க்கத் திரும்பி வந்தது. அங்குச்சாமியின் வலது கை ஒருவழியாக மூக்கைச் சேர்ந்தது. அவர் துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டு உலகத்தைப் புதிதாகப் பார்த்தார். கண்ணில் தண்ணீர் நின்றது.

"மூக்கு காலியாயிட்டு தாயி," என்றார்.

வடிவு காகிதத்தை நீட்டினாள். அவர் குனிந்து, அழகாக, இனிஷியலோடு கையெழுத்துப் போட்டார்.

அப்போதுதான் மந்திரி கத்தரிக்கோலைக் கீழே வைத்தார்.

கூட்டம் கைதட்டுவதை நிறுத்திவிட்டது. மாலை வைத்திருந்தவர்கள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தார்கள். நல்ல காரியம் தொடங்குகிற நேரத்தில் ஒற்றைத் தும்மல் விழுந்துவிட்டது. வடிவின் வீட்டில் பால்குடி மறக்காத பிள்ளைக்குக்கூடத் தெரியும், ஒற்றைத் தும்மல் ஆகாது. இரட்டையாகத் தும்மினால் ஒன்றுமில்லை. இரண்டாவதற்காகச் செருப்பு மாட்டியபடியே வாசலில் காத்து நின்ற அப்பாவை வடிவு எத்தனை தடவை பார்த்திருக்கிறாள். அதைத்தான் கேமராக்காரர் யோசித்து, சரியான இடத்தில் நிறுத்தியிருக்கிறார். வடிவு சிக்கனம் பிடித்து ஒன்றை மட்டும் வாங்கிக்கொண்டு வந்து நிற்கிறாள்.

ஒற்றைத் தும்மலுக்குப் பரிகாரம் உண்டு. சற்று உட்கார்ந்து, ஒரு வாய் தண்ணீர் குடித்துவிட்டுத் தொடங்கலாம். மந்திரி உட்கார்ந்தார். தண்ணீர் கேட்டார்.

ஊரில் தண்ணீர் இல்லை. தண்ணீர் தொட்டியில் இருந்தது. தொட்டியைத் திறக்க ரிப்பனை வெட்ட வேண்டும். ரிப்பனை வெட்ட மந்திரி தண்ணீர் குடிக்க வேண்டும். இதை மந்திரிக்கு ஒருவர் விளக்கினார். மந்திரி தலையை ஆட்டிவிட்டுத் திரும்பவும் தண்ணீர் கேட்டார்.

வடிவின் போன் அடித்தது. பரஞ்சோதி.

"என்னம்மா பண்ண அங்க? ஆலங்கிணத்துல எல்லா குழாயும் நின்னுபோச்சாம். தொட்டி இருந்த எடத்துல கருவேல முள்ளுதான் இருக்காம்."

அத்தோடு விடவில்லை. படத்தில் தண்ணீர் வந்த கதையைப் பேசினவர்கள் எல்லோரும் அப்படி எதுவும் பேசவில்லை என்கிறார்களாம். தண்ணீரை நம்பி அந்த ஊருக்குக் கட்டிக்கொண்டு வந்த மருமகள்கள் பெட்டியைத் தூக்கிக்கொண்டு பஸ் ஸ்டாப்பில் நிற்கிறார்களாம். படம் இன்னும் சற்று நேரத்தில் ஒளிபரப்பாகப்போகிறது, இப்போதைக்கு அதில் இருப்பது தலைப்பு மட்டும்தான் என்றார்.

ஒரு காட்சி தேடப் போய் ஒரு ஊரையே காயப்போட்டு விட்டோமே என்று வடிவு கையைப் பிசைந்தாள். பெயர் வருவதாவது. இனி யார் முகத்தில் விழிப்பது.

காட்சியின் ஓரத்தில் நீலமேகம் குடையோடு எட்டிப் பார்த்தார். ஒட்டிய விநாடியில் பாதி செலவாகிவிட்டது, பாதி மிச்சம் இருக்கிறது, அதற்குள் இன்னொரு தும்மல் விழுந்தால் கணக்கு இரட்டையாகிவிடும் என்றார்.

எல்லோரும் அங்குச்சாமியைப் பார்த்தார்கள். அவர் முக்கிப் பார்த்தார். வெயிலை அண்ணாந்து பார்த்தார். துண்டின் முனையைத் திரித்து மூக்கில் விட்டுப் பார்த்தார். ஒன்றும் நடக்கவில்லை.

"ஒண்ணுதான் தாயி வச்சிருந்தேன். அம்புட்டையும் அதுலயே போட்டுட்டேன்," என்றார். குற்றவாளிபோல் நின்றார்.

வேறு ஆள் தும்மினால் செல்லுமா என்று வடிவு நீலமேகத்தைக் கேட்டாள். பக்கத்தில் நின்று தும்மினால் செல்லும் என்றார். ஆனால் காட்சியில் ஏற்கெனவே இருக்கிற மற்றவர்கள் தும்மக்கூடாது. அவர்கள் தும்மாமல் நிற்பதற்குத்தான் கையெழுத்துப் போட்டிருக்கிறார்கள். புதிதாக ஒருவர் உள்ளே வந்தால் அவரிடம் ஆட்சேபணை இல்லை என்று எழுதி வாங்க வேண்டும்.

"யார்கிட்ட வாங்கணும்?"

"உங்ககிட்ட நீங்கதான் வாங்கணும் மேடம். உங்க வேலையாச்சே."

வடிவு தன்னிடம் கேட்டாள். அவளுக்கு ஆட்சேபணை இல்லை. ஆலங்கிணற்று மருமகள்கள் பஸ் ஏறுவதற்குள் கையெழுத்துப் போட்டாள். அங்குச்சாமியைப் பார்த்து, நீங்கள் வீட்டுக்குப் போங்கள் அண்ணாச்சி, கஞ்சி புளித்துவிடும் என்றாள். அவர் நின்ற இடத்தில் போய் நின்றாள். மண்ணில் அவருடைய கால் தடம் ஆழமாகப் பதிந்திருந்தது. அவள் செருப்புக்குக் கொஞ்சம் பெரிசு.

மந்திரி மூக்குப்பொடி போடுகிறவர். இடுப்பிலிருந்து சிறிய டப்பியை எடுத்து, ஒரு சிட்டிகை எடுத்துக்கொள்ளும்படி அவளிடம் மரியாதையாக நீட்டினார். வடிவு உறிஞ்சினாள். காரம் நேரே உச்சந்தலைக்குப் போனது. அங்கிருந்து திரும்பி வந்தது. முகம் தன்னால் வானத்தைப் பார்த்தது. கண் பாதி மூடியது. வாய் பாதி திறந்தது. வலது கை மூக்கை நோக்கிக் கிளம்பியது. கூட்டம் மூச்சைப் பிடித்துக்கொண்டது.

அரை விநாடி முடிந்துவிட்டது.

ஃபிலிம் அவ்வளவுதான். வடிவு அப்படியே நின்றாள். தும்மல் மூக்குத் தண்டில் நின்றது.

மந்திரி அவள் முகத்தைக் கிட்டத்தில் வந்து பார்த்தார். இடமிருந்து ஒருமுறை, வலமிருந்து ஒருமுறை. அனுபவஸ்தர். எத்தனையோ கோப்புகளைப் பார்த்தவர்.

"இது நிச்சயமா வரும். வந்ததாகக் கருதி மேற்கொண்டு நடக்கலாம். ஒப்புதலை அப்புறமாப் பின்னேற்புன்னு வாங்கிக்கலாம்," என்றார்.

கத்தரிக்கோலை எடுத்துக்கொண்டு காட்சிக்கு வெளியே போனார். ஆடும் போனது. வடிவால் திரும்ப முடியவில்லை. ரிப்பன் அறுபடும் சத்தம் கேட்டது. சக்கரத்தைத் திருகும் சத்தம் கேட்டது. பிறகு குழாய் காறிக்கொண்டு, கனைத்துக்கொண்டு, திபுதிபுவென்று தண்ணீர் விழுந்தது. குடங்கள் ஒன்றோடொன்று முட்டின. அதே நேரம் வாடகைக்குப் போயிருந்த கைத்தட்டல் சத்தமும் திரும்பி வந்து சேர்ந்தது. அதில் யாரோ "சிக்ஸர்" என்று கத்தினார்கள். ஒருவரும் ஆட்சேபிக்கவில்லை.

அங்குச்சாமி போகிற வழியில் நின்று, அவள் காதோரம் குனிந்தார்.

"மூக்கைத் தொட்ராத தாயி. நெனச்சும் பாக்காத. அதுவா நிக்கும்," என்றார்.

பிறகு சாவகாசமாக நடந்து, காட்சியின் ஓரத்தைத் தாண்டி வீட்டுக்குப் போனார். அவர் நடையைப் பார்த்து வடிவுக்குச் சந்தோஷமாக இருந்தது. மூக்கில் பாரம் இல்லாத மனிதரின் நடை.

இடது கையில் இருந்த போனில் பரஞ்சோதி மறுபடி வந்தார். தண்ணீர் வந்துவிட்டதாம். தொட்டி நிற்கிறதாம். மருமகள்கள் பெட்டியைத் தலைமேல் வைத்துக்கொண்டு திரும்பி வருகிறார்களாம். படம் ஓட ஆரம்பித்துவிட்டதாம், காட்சி பிரமாதமாம். ஒரே ஒரு சங்கடம் என்றார்.

"காட்சிக்குள்ள நிக்கறவங்க பேரைப் போடற வழக்கம் இல்லம்மா. கூட்டத்துல நிக்கறவங்களுக்கெல்லாம் பேர் போட ஆரம்பிச்சா படம் எங்க முடியும்? உனக்கே தெரியும்."

வடிவுக்குத் தெரியும். அவளே பல பேருக்குச் சொல்லியிருக்கிறாள். அழுதால் தும்மல் கலைந்துவிடும். எனவே அழவில்லை.

நீலமேகம் வந்து, டப்பாவை மூட வேண்டும், அலுவலக நேரம் முடிந்தது என்றார். டோக்கனைப் பத்திரமாக வைத்துக்கொள்ளச் சொன்னார். பச்சையும் மஞ்சளும் ஆணியிலேயே இருக்கும். மழை ஒழுகாத பக்கமாக மாட்டியிருக்கிறாராம். பிறகு மூடினார். உள்ளே வெயில் அப்படியே இருந்தது.

சற்று நேரத்தில் போன் அடித்தது. அம்மா.

"ஏட்டி, ஒன்னையப் பாத்துட்டேன்."

வடிவு உதட்டை மட்டும் அசைத்துப் பேசினாள். "பேரு வரலைல்லாம்மா."

"பேரு எதுக்குட்டி? பேரு நான் வச்சதுதான? எனக்குத் தெரியாதாக்கும்."

அம்மா, அவள் மெலிந்துவிட்டதாகவும், கறுப்பு வெள்ளை அவளுக்கு எடுப்பாக இருப்பதாகவும் சொன்னாள். அடுத்த வீட்டுக்காரிகளைக் கூட்டி வந்து காட்டினாளாம். மந்திரி பக்கத்தில் நிற்கிறாளே என்று அவர்கள் வாயைப் பிளந்தார்களாம்.

"தும்மல் வரப்போற மாரி நிக்கியே. வந்துட்டா?"

"இன்னும் இல்லம்மா."

"வரட்டும். பிள்ள தும்முனா ஆயுசுக்கு 'நூறு'ன்னு சொல்லணும்லா. அதான் டிவிய அணைக்காம உக்காந்திருக்கேன்."

"சோப்பு விளம்பரம் போட்ருவான்மா."

"போடட்டும். நான் எந்திரிக்க மாட்டேன்."

நேரத்துக்குச் சொல்ல முடியாமல் போய்விடக்கூடாதே என்று அம்மா பாதியை முன்கூட்டியே சொல்லி வைத்துக்கொண்டாள். வடிவின் காதுக்குள், சங்கரன்கோவிலிலிருந்து, அம்மா "நூ..." என்று இழுத்துக்கொண்டு காத்திருந்தாள்.